நெல்மணி நத்தையும் நான்கு கிலோ கல்லுப்பும்: ராயக்கோட்டைப் பக்கத்து நாற்றங்கால் ஒன்றில் நடந்தது

அக்டோபர் மாதம், ஞாயிற்றுக்கிழமை, காலை ஆறேகால். அக்காவிடமிருந்து போன். அந்த நேரத்தில் அவள் கூப்பிட்டால் ஒன்று யாருக்காவது உடம்பு சரியில்லை, இல்லையென்றால் மாமா எதையோ செய்துவிட்டார் என்று அர்த்தம். அன்றைக்கு இரண்டாவது.

"உங்க மாமா நாத்து மேல உப்புத் தண்ணி அடிச்சிட்டாருடா. ஆப்பிரிக்கா நத்தை வந்துருச்சாம். நீ ஒரு எட்டு வந்து பாக்கறியா?"

நான் கல்லூரியில் விலங்கியல் பாடம் எடுப்பவன். அதனால் பல்லி விழுந்த பலன் தொடங்கி கிணற்றில் விழுந்த பாம்பு வரைக்கும் குடும்பத்தில் எல்லாமே என் இலாகா. பையில் பத்து மடங்கு லென்ஸ், ஒரு இடுக்கி, நான்கைந்து மூடி போட்ட டப்பா எடுத்துக்கொண்டு கிளம்பினேன்.

கிருஷ்ணகிரி மாவட்டத்தில் ராயக்கோட்டை என்றால் தக்காளி. அக்காவும் மாமாவும் இருபது சென்ட் நிழல்வலைக் கூடத்தில் தக்காளி நாற்று வளர்த்து விற்கிறார்கள். 98 குழி கொண்ட தட்டு, அதில் தென்னை நார்க்கழிவு, குழிக்கு ஒரு விதை. இருபத்தைந்து நாள் ஆனால் நாற்று தயார். பாலக்கோடு பக்கத்திலிருந்தும் வந்து வாங்கிப் போவார்கள். நாற்று ஒன்றுக்குக் கிடைப்பது சில்லறைக் காசுதான், ஆனால் தட்டுக் கணக்கில் பார்த்தால் குடும்பம் ஓடும்.

வந்த புகார்

நடந்ததை அக்கா சொன்ன வரிசையிலேயே எழுதுகிறேன். செப்டம்பர் கடைசியில் விதைத்தார்கள். பத்துப் பன்னிரண்டாம் நாள் முதல் காலையில் பார்த்தால் இங்கே நாலு, அங்கே ஆறு என்று நாற்றுகள் படுத்துக் கிடந்தன. முந்தின நாள் மாலை நன்றாக நின்றவை. தட்டைத் தூக்கிப் பார்த்தால் அடியில் சின்னச் சின்ன நத்தைகள். ஒரு தட்டுக்கு அடியில் நாற்பதுக்கு மேல் எண்ணியதாகச் சொன்னாள். படுத்த நாற்றின் மேலும் சில ஊர்ந்துகொண்டிருந்தன.

மாமா இரண்டு நத்தையைத் தீப்பெட்டியில் போட்டு ஒரு மருந்துக் கடைக்குக் கொண்டுபோயிருக்கிறார். கடைக்காரர் பெட்டியைத் திறந்து மூடிவிட்டு, "இது ஆப்பிரிக்கா நத்தைக் குட்டிங்க. விட்டீங்கன்னா தோட்டத்தையே காலி பண்ணிரும்" என்று சொல்லி ஒரு பொட்டலம் குருணை மருந்து கொடுத்திருக்கிறார். வீட்டில் நாய் இருக்கிறது என்று அக்கா அந்த மருந்தைப் பிரிக்கவே விடவில்லை. அவள் செய்தது சரி. நத்தைக் குருணையில் இருக்கும் மெட்டால்டிஹைடு நாய்க்குக் கொடிய விஷம், அதுவும் நாய் விரும்பித் தின்கிற மாதிரி இருக்கும். மருந்து கூடாது என்றதும் மாமா உப்புக்குப் போய்விட்டார். நான்கு கிலோ கல்லுப்பு. இரண்டு கிலோவைத் தரையில் தூவினார். மீதி இரண்டைச் சுமார் நூறு லிட்டர் தண்ணீரில் கரைத்து, ஒரு பக்கத்து வரிசைத் தட்டுகளுக்குக் கைத்தெளிப்பானில் அடித்துவிட்டார்.

நான் போய்ச் சேர்ந்தபோது அந்த நாற்பது தட்டுகளும் இலை ஓரம் கருகி, வாடித் தொங்கிக்கொண்டிருந்தன. லிட்டருக்கு இருபது கிராம் உப்பு என்றால் கடல் தண்ணீரில் பாதிக்கு மேல். சரியாகக் கழுவாத தென்னை நார்க்கழிவில் ஏற்கெனவே உப்பு இருக்கும், அதன் தலையில் இது வேறு. நத்தைகள் செத்தனவா என்றால் செத்தன. நத்தை உடம்பு ஈரத்தோல், உப்புப் பட்டால் உள்ளிருக்கும் தண்ணீரெல்லாம் வெளியே வந்துவிடும். நாற்றுக்கும் வேரில் நடந்தது ஏறக்குறைய அதுவேதான்.

மாமா ஒன்றும் பேசவில்லை. டீ மட்டும் கொண்டுவந்து கொடுத்தார்.

கையில் எடுத்துப் பார்த்தபோது

உப்புப் படாத மறுபக்கத்து வரிசையில் ஒரு தட்டைத் தூக்கினேன். அடியில் கறுப்புக் களைவிரிப்பின் மேல் தண்ணீர் நின்றது. ஈரத்தில் ஒட்டிக்கொண்டு ஏழெட்டு நத்தைகள். ஒன்றை எடுத்து உள்ளங்கையில் வைத்தேன்.

நீளம் ஒரு நெல்மணி. பருமனும் ஏறக்குறைய அதேதான். ஓடு ஊசிக்கோபுரம் மாதிரி நீண்டு, உச்சி மட்டும் கூர்மையாக இல்லாமல் மழுங்கி இருந்தது. நிறம் வெளிர் தேன். வெயிலுக்கு நேரே பிடித்தால் ஓடு கண்ணாடி போலத் தெரிகிறது, உள்ளே மஞ்சளாக உடம்பு. லென்ஸ் வைத்துப் பார்த்ததில் கடைசிச் சுற்றுக்கு முந்தைய சுற்றில் வரிசையாக ஐந்து வெள்ளைப் புள்ளிகள். கேழ்வரகு அளவுகூட இல்லை. முட்டைகள். தாயின் ஓட்டுக்குள் முட்டையை எண்ணிப் பார்க்க முடிகிற பிராணிகள் ரொம்ப இல்லை. அக்காவிடம் லென்ஸைக் கொடுத்தேன். அவள் ரொம்ப நேரம் கொடுக்கவே இல்லை.

நடக்கும்போது ஓட்டை நிமிர்த்தித் தூக்கிக்கொண்டு போவதில்லை. பின்னால் படுக்க வைத்து இழுத்துக்கொண்டு போகும், நுகத்தடி கழன்ற வண்டி மாதிரி. முன்னால் இரண்டு நீளக் கொம்பு, நுனியில் கண். கீழே இரண்டு குட்டைக் கொம்பு. தளிப் பக்கத்தில் கன்னடம் பேசுகிறவர்கள் நத்தையைப் 'பசவன ஹுளு' என்பார்கள். சிவனுடைய காளை போலக் கொம்பு வைத்த புழு என்று பொருள். லென்ஸில் பார்த்தால் அந்தப் பெயர் வைத்தவனை மெச்சத் தோன்றும்.

யார் இது

ஆப்பிரிக்க நத்தையா என்ற கேள்வியை முதலில் முடித்துவிட வேண்டும், ஏனென்றால் அது சாதாரணச் சந்தேகம் இல்லை. லிஸ்ஸகாட்டினா ஃபூலிக்கா என்ற அந்த ராட்சத நத்தை கிழக்கு ஆப்பிரிக்காவைச் சேர்ந்தது. 1847-இல் வில்லியம் பென்சன் என்ற ஆங்கிலேயர் மொரீஷியஸிலிருந்து கொண்டுவந்து கல்கத்தாவில் சௌரங்கித் தோட்டம் ஒன்றில் விட்டார். இந்தியாவில் அது பரவத் தொடங்கியது அங்கிருந்துதான். ஒரு தடவைக்கு நூற்றுக்கணக்கில் முட்டையிடும், பப்பாளி, வாழை, காய்கறி என்று கிடைத்ததையெல்லாம் தின்னும். கடைக்காரர் பயமுறுத்தியது பொய்யில்லை. பெட்டிக்குள் இருந்த ஆள்தான் வேறு.

வித்தியாசம் சுற்றில் இருக்கிறது. நத்தை வளர வளர ஓட்டின் வாய்ப்பக்கம் புதுச் சுற்று கூடிக்கொண்டே போகும். அதனால் சுற்று எண்ணிக்கை என்பது கிட்டத்தட்ட வயதுக் கணக்கு. ஆப்பிரிக்க நத்தைக் குஞ்சு முட்டையிலிருந்து வரும்போதே நாலைந்து மில்லிமீட்டர் இருக்கும், இரண்டரைச் சுற்றுக்குப் பக்கத்தில், உருண்டையாக. அது நெல்மணி நீளம் வளர்ந்தாலும் நாலு சுற்றுதான் வரும், வயிறு உப்பியிருக்கும். என் கையில் இருந்ததில் ஏழரைச் சுற்று. ஒல்லி. அதோடு வயிற்றில் முட்டை. குட்டி எங்கேயாவது முட்டையோடு திரியுமா? வளர்ந்து முடிந்த, ஆனால் உருவத்தில் சின்ன, வேறு ஒரு இனம். இதற்கு நுண்ணோக்கிகூட வேண்டாம். எண்ணத் தெரிந்தால் போதும்.

அடுத்த சந்தேகம் சபுலினா ஆக்டோனா. இதுவும் ஊசிக்கோபுரம், இதுவும் பூந்தொட்டி நத்தை. வெப்பமண்டல அமெரிக்காவிலிருந்து செடிகளோடு உலகம் சுற்றியது. பார்வைக்கு அண்ணன் தம்பி மாதிரி இருக்கும். பிரித்தறிய வாயைப் பார்க்க வேண்டும். ஓட்டின் நடுவே மேலிருந்து கீழாக ஒரு தண்டு ஓடும், மாடிப்படிச் சுருளின் நடுக்கம்பம் போல. சபுலினாவில் அந்தத் தண்டு வாய்க்கு அருகே வெட்டிவிட்டது போலச் சட்டென்று முடியும். நம்முடையதில் வெட்டு இல்லை, நேராக வந்து வாய் விளிம்போடு கலந்துவிடுகிறது. மலைக்காடுகளில் சருகுக்குள் இருக்கிற க்ளெஸ்ஸுலா வகைகளிலும் அந்த வெட்டு உண்டு, ஓடு பழுப்பாக மினுமினுக்கும். ஆக அதுவும் இல்லை.

மிச்சம் நின்றது அல்லோபியஸ் கிராசிலி. 'கிராசிலி' என்றால் ஒல்லியானது. 1834-இல் இதற்குப் பெயர் வைத்தவர் தாமஸ் ஹட்டன் என்ற ஆங்கிலேயப் படை அதிகாரி, நத்தை கிடைத்தது கங்கைக் கரையில் மிர்சாப்பூரில். இப்போதைய வகைப்பாட்டில் இந்த ஒல்லி நத்தையும் ராட்சத ஆப்பிரிக்க நத்தையும் ஒரே குடும்பம், அகாட்டினிடே. கடைக்காரருக்கு இதில் அரை மார்க் கொடுக்கலாம்.

இந்த இடத்தில் கொஞ்சம் விலகிப் போகிறேன், இதைச் சொல்லாமல் விட மனசு வரவில்லை. இந்த நெல்மணி நத்தை இன்றைக்கு உலகத்தின் வெப்ப நாடுகள் ஏறக்குறைய எல்லாவற்றிலும் இருக்கிறது. கப்பல் வாணிகம் வந்த பிறகு பரவியிருக்கும் என்றுதான் முதலில் தோன்றும். ஆனால் பசிபிக் தீவுகளில், டிக்கோப்பியாவில், ஹவாயில், பழைய குடியிருப்புகளைத் தோண்டியபோது ஐரோப்பியர் வருவதற்கு முந்தைய மண் அடுக்குகளிலேயே இதன் ஓடு கிடைத்தது. பொலினீசியர்கள் பாய்மரத் தோணியில் சேம்பும் வாழையும் எடுத்துப் போனபோது கிழங்கில் ஒட்டிய மண்ணில் இதுவும் பயணம் போயிருக்கிறது. ஆகவே தொல்லியல் ஆட்களுக்கு இந்த ஓடு ஒரு தடயம்: இது இருந்தால் இங்கே யாரோ தோட்டம் போட்டிருக்கிறார்கள். மாமா ஒருவர் தோட்டத்துக்கு மட்டும் வந்த விருந்தாளி இல்லை இது.

குற்றவாளி நத்தைதானா

பெயர் தெரிந்தது. ஆனால் அக்கா கேட்டது வேறு. "சரி, குட்டி நத்தையோ பெரிய நத்தையோ, நாத்தைத் தின்னுது இல்ல?"

நியாயமான கேள்வி. இந்த நத்தையின் முக்கியச் சாப்பாடு மக்கின இலை, பாசி, பூஞ்சை. சில சமயம் இளம் நாற்றையும் சுரண்டும், அதை மறைக்கக் கூடாது. ஆனால் படுத்துக் கிடந்த நாற்றுகளை வரிசையாக எடுத்துப் பார்த்தபோது எனக்கு உறுத்தியது ஒன்றுதான். நத்தை தின்றால் கடித்த இடம் இருக்க வேண்டும்: இலையில் ஓட்டை, தண்டில் சுரண்டல். இங்கே இலை முழுசாக இருக்கிறது. மண் மட்டத்தில் தண்டு மட்டும் நீர் கோத்து, பழுத்து, நூலாகச் சுருங்கி இருக்கிறது. கழுத்து இற்று விழுந்த நாற்று. விரலால் தொட்டால் தோல் வழுக்கிக்கொண்டு வருகிறது.

இதை நாற்று வளர்க்கிற யாரும் ஒரு தடவையாவது பார்த்திருப்பார்கள். நாற்றழுகல். பித்தியம் வகை நுண்ணுயிர்கள்தான் பெரும்பாலும் காரணம். பூஞ்சை என்று பேச்சுவழக்கில் சொன்னாலும் அது உண்மையில் பூஞ்சை இல்லை, தண்ணீரில் நீந்தும் வித்துகளை விடுகிற நீர்ப்பூசண இனம். தண்ணீர் தேங்கினால் அதற்குக் கொண்டாட்டம்.

வெறும் பார்வையை வைத்துத் தீர்ப்புச் சொல்ல எனக்கு இஷ்டமில்லை. அக்கா வீட்டில் காலி ஹார்லிக்ஸ் பாட்டில்கள் இருந்தன. நான்கு எடுத்தோம். ஒவ்வொன்றிலும் ஒரு சாண் உயரத்துக்குள் நார்க்கழிவு.

முதல் பாட்டிலில் புது நார்க்கழிவு, நல்ல நாற்று ஆறு, நத்தை இருபத்தைந்து, அளவான ஈரம். இரண்டாவதில் அதே எண்ணிக்கை நத்தை, ஆனால் விழுந்த நாற்றுகள். மூன்றாவதில் நத்தையே இல்லை: நோய் வந்த தட்டின் நார்க்கழிவு, நல்ல நாற்று ஆறு, தண்ணீர் தேங்கத் தேங்க. நான்காவதிலும் அதே நோய்ப்பட்ட நார்க்கழிவு, நத்தை இல்லை, ஆனால் தண்ணீர் கையில் பிழிந்தால் சொட்டாத அளவுக்கு மட்டும். ஓட்டுக்குச் சுண்ணாம்பு வேண்டும் என்பதால் நத்தை பாட்டில்களில் முட்டை ஓட்டை நொறுக்கிப் போட்டேன். மூடியில் ஆணியால் துளை. டிவிக்குப் பக்கத்தில் வரிசையாக வைத்தாயிற்று. அதுக்கப்புறம் சீரியல் யாரும் பார்த்த மாதிரித் தெரியவில்லை.

இரண்டாவது பாட்டில்தான் முதலில் வேலையைக் காட்டியது. மூன்றாம் நாள் காலையில் விழுந்த நாற்றில் நார் மட்டும் மிச்சம், சதையெல்லாம் போயிருந்தது. இரவு பத்து மணிக்கு டார்ச் அடித்துப் பார்த்தால் கண்ணாடிச் சுவரில் ஒன்று ஏறிக்கொண்டிருக்கிறது. அடிப்பக்கம் தெரிகிறது. வாய் சின்னக் கோடாகத் திறக்கிறது, உள்ளிருந்து ஏதோ முன்னால் வந்து கண்ணாடியில் படிந்த பச்சையை ஒரு வழி வழித்து உள்ளே போகிறது, மூடுகிறது. திரும்பத் திறக்கிறது. அது நாக்கு மாதிரி இருக்கிற அரம். அதில் கண்ணுக்குத் தெரியாத பற்கள் வரிசை வரிசையாக உண்டு. அது போன பாதையில் கண்ணாடி சுத்தமாகி வளைந்து வளைந்து ஒரு கோடு. வாசலில் அக்கா போடுகிற சிக்குக் கோலம் இதைவிட நேராக இருக்கும்.

மூன்றாவது பாட்டில், அதாவது நத்தையே இல்லாதது, ஐந்தாம் நாள் நான்கு நாற்றைப் படுக்க வைத்துவிட்டது. அதே நூல் கழுத்து. நான்காவதில் ஒன்று விழுந்தது. முதல் பாட்டிலில் ஒன்பது இரவு கழித்தும் ஆறும் நின்றன. வித்திலை இரண்டில் மட்டும் சுரண்டின அடையாளம் இருந்தது.

ஆறு ஆறு நாற்றை வைத்துச் செய்தது ஆராய்ச்சி இல்லை, எனக்குத் தெரியும். மாணவன் ஒருவன் இதை எழுதிக் கொடுத்திருந்தால் எண்ணிக்கை போதாது என்று திருப்பி அனுப்பியிருப்பேன். ஆனால் நத்தை இல்லாத பாட்டிலில் நாற்று விழுந்ததையும், நத்தை நிறைந்த பாட்டிலில் விழாததையும் அக்காவே கண்ணால் பார்த்தாள். வீட்டில் ஒரு முடிவெடுக்க அது போதுமானதாக இருந்தது. நத்தை கொன்றவன் இல்லை. எழவு வீட்டுக்குச் சாப்பிட வந்தவன்.

எங்கிருந்து வந்தது, ஏன் பெருகியது

இரண்டுக்கும் வேறு வேறு பதில்.

எங்கிருந்து என்பதற்கு மாமாவே வாக்குமூலம் கொடுத்தார். நார்க்கழிவு விலை ஏறியதால் இந்தத் தடவை அவருடைய அப்பாவின் மாந்தோப்பிலிருந்து இலைமக்கை அள்ளிவந்து, சலிக்காமல், நாலில் ஒரு பங்கு கலந்திருக்கிறார். கிருஷ்ணகிரிக்காரனுக்கு மாவிலைக்கா பஞ்சம்? அன்று மாலை அந்தத் தோப்புக்குப் போனேன். வயதான மரங்கள், நடுப்பகலிலும் நிழல். சருகை அடுக்கடுக்காக விலக்கினேன். மேலே மொறுமொறு என்று காய்ந்த இலை. அதன் அடியில் நனைந்து ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்ட பழுப்பு இலைகள், பழைய நோட்டுப் பக்கம் மாதிரி பிரித்து எடுக்க வேண்டியிருந்தது. இடையில் பூஞ்சையின் வெள்ளை நூல். அங்கேதான் இருந்தார்கள் நம் ஆட்கள். ஒரு முழச் சதுரத்தில் பதினொன்று. மரவட்டை, ஒரு பூரான், எறும்பு எல்லோரும் சேர்ந்து குடித்தனம். இலையை மக்க வைக்கிற வேலையில் இந்த நத்தைக்கும் பங்கு உண்டு. தோப்பில் அது யாருக்கும் தொந்தரவு இல்லை, இத்தனை வருஷமாக யாரும் அதைப் பார்த்ததுகூட இல்லை.

அந்தப் பதினொன்றோடு இன்னொன்றும் கிடைத்தது. இதைவிடக் குட்டை, உருளை வடிவம், ஓட்டின் வாயில் பல் மாதிரி முடிச்சுகள். உடம்பு ஆரஞ்சு. ஹட்டோனெல்லா பைகலர். அது சைவம் இல்லை. சின்ன நத்தைகளை வேட்டையாடித் தின்னும் நத்தை, குறிப்பாக நம் ஊசிக்கோபுர வகைகளை. இதற்கும் பெயர் வைத்தவர் அதே ஹட்டன், அதே 1834. வேட்டைக்காரனையும் இரையையும் ஒரே வருஷம் பதிவு செய்திருக்கிறார். தோப்பில் நெல்மணி நத்தை அளவோடு இருப்பதற்கு இந்த ஆரஞ்சு ஆளும் ஒரு காரணமாக இருக்கலாம். தட்டுகளுக்கு அடியில் எவ்வளவு தேடியும் இது ஒன்றுகூட எனக்கு அகப்படவில்லை.

ஏன் பெருகியது என்பதற்குத் தண்ணீர்தான் பதில். ஆலங்கட்டி மழைக்குப் பயந்து மாமா நிழல்வலையின் மேல் பழைய வலை ஒன்றையும் போர்த்தியிருந்தார். உள்ளே வெளிச்சம் குறைந்தது, காற்று நின்றது. வானம் மூடிக் கிடந்த பதினைந்து நாளும் வெயில் நாள் மாதிரியே பூவாளியில் காலை ஒரு தடவை, மாலை ஒரு தடவை. தட்டு வைக்கிற கம்பித் தாங்கிகளைப் போன வருஷம் பணமுடையில் விற்றுவிட்டதால் தட்டெல்லாம் தரையில். அடியில் தண்ணீர் நிற்க, வேர் அழுக, அழுகினதைத் தின்ன நத்தை வர, வந்த நத்தை அங்கேயே முட்டையிட. இந்த நத்தைகள் ஆண் பெண் இரண்டும் ஒரே உடம்பில் உள்ளவை. இந்த வகையறாவில் துணையில்லாமல் தனக்குத்தானே கருவுறும் இனங்களும் உண்டு. ஒரு கூடை இலைமக்கில் நாலு வந்தால் போதும்.

என்ன செய்தார்கள்

உப்புத் தண்ணீர் பட்ட நாற்பது தட்டையும் கொட்டியாயிற்று. அந்த நார்க்கழிவை நான்கு தடவை தண்ணீர் விட்டு அலசினோம், இருந்தாலும் திரும்ப நாற்றுக்குப் பயன்படுத்த வேண்டாம் என்று சொன்னேன். தென்னை மரத்தடிக்குப் போனது, தென்னை உப்புத் தாங்கும். தப்பிய தட்டுகளுக்குத் தண்ணீர் ஒரு வேளை, அதுவும் மேல் நார்க்கழிவு வெளுத்த பிறகு மட்டும். பழைய வலையை எடுத்ததும் கூடத்துக்குள் காற்று வந்தது. அழுகல் பரவாமல் இருக்க லிட்டருக்கு இரண்டரை கிராம் காப்பர் ஆக்ஸிகுளோரைடு கரைத்து வேரில் ஊற்றினார்கள். அடுத்த விதைப்புக்கு விதையை, அழுகலை அடக்குகிற நல்ல பூஞ்சையான ட்ரைக்கோடெர்மா விரிடியில் கிலோவுக்கு நான்கு கிராம் வீதம் புரட்டி எடுத்தார்கள். தாங்கிக்குக் காசு இல்லை, ஹாலோபிளாக் கல் அடுக்கி அதன் மேல் சவுக்குக் கட்டை போட்டு மாமாவே மேடை கட்டிவிட்டார்.

நத்தைக்கு என்று தனியாக ஒன்றும் செய்யவில்லை. ராத்திரி ஈரச்சாக்கு விரித்து வைத்து, காலையில் அடியில் ஒட்டியதைத் தட்டித் தோப்புச் சருகில் போட்டுவிட்டு வந்தாள் அக்கா. முதல் வாரம் சாக்கு நிறைய. மூன்றாம் வாரம் எண்ணுகிற அளவு. மேடை வந்த பிறகு சாக்கு போடுவதையே விட்டுவிட்டாள்.

ஒரு விஷயத்தில் மட்டும் அவளைத் திட்டினேன். வெறுங்கையால் பொறுக்கிவிட்டு அப்படியே போய்ப் பேரனுக்குச் சோறு ஊட்டப் போனாள். தரைவாழ் நத்தைகள் எலி நுரையீரல் புழுவின் இளம்பருவத்தைச் சுமக்கக்கூடும். எலி எச்சத்தைத் தின்னும்போது அது நத்தைக்குள் போகிறது. மனிதனுக்குள் போனால் மூளை உறை அழற்சி வரை கொண்டுபோய் விடும். கையுறை போட வேண்டும், சோப்புப் போட்டுக் கழுவ வேண்டும், நாற்றங்கால் பக்கத்தில் விளைந்த கீரையை நன்றாக அலசிச் சமைக்க வேண்டும். இப்போது தண்ணீர்த் தொட்டி மேல் ஒரு சோப்பு டப்பா நிரந்தரமாக இருக்கிறது.

நட்டக் கணக்கு: உப்பில் போனது நாற்பது தட்டு, அதாவது 3,920 குழி. அழுகலில் போனது அத்தனை தட்டிலும் சேர்த்து அதில் கால்வாசிகூட வராது என்று அக்கா கணக்குப் பார்த்தாள். இந்தக் கணக்கை அவள் மாமாவிடம் ஒரே ஒரு தடவைதான் சொன்னாளாம். நான் நம்பவில்லை.

பொங்கலுக்குப் போயிருந்தேன். திண்ணையில் உட்கார்ந்திருக்கும்போது பக்கத்துத் தோட்டத்துக்காரர் ஒருவர் பீடிக்கட்டுக் காகிதத்தில் மடித்து நத்தை ஒன்றைக் கொண்டுவந்தார். வெளியூரிலிருந்து வாங்கிவந்த பூச்செடித் தொட்டியில் இருந்ததாம், இன்னும் நிறைய இருக்கிறதாம். என்னிடம் வரும் முன்பே அக்கா வாங்கிக்கொண்டாள். என் லென்ஸ் அக்டோபரிலிருந்து அவளிடம்தான் இருக்கிறது.

"ஒண்ணு, ரெண்டு, மூணு..." நிறுத்தினாள். திருப்பி வைத்து மறுபடி உச்சியிலிருந்து எண்ணினாள். "நாலு. அதுவும் முழுசா இல்ல. நீளம் அதே நீளந்தான், ஆனா வயித்தப் பாரு, தொப்பை." காகிதத்தை என் பக்கம் நீட்டினாள். "இது நம்ம ஆளு இல்லடா."

நடுத்தண்டைப் பார்த்தேன். வெட்டு இருந்தது, ஆப்பிரிக்க நத்தைக்கும் அது உண்டு. ஓட்டில் பழுப்புப் பட்டை. இந்தத் தடவை நிஜமாகவே ஆப்பிரிக்காதான்.

உள்ளே இருந்து மாமா எட்டிப் பார்த்தார். "மச்சான், அப்போ இதுக்கு உப்பு போடலாமா?"

"போடலாம் மாமா. பக்கெட்டுல கரைச்சு வைங்க, கையுறை போட்டுப் பொறுக்கி அதுக்குள்ள போடச் சொல்லுங்க. செடிப் பக்கம் மட்டும் கொண்டுபோகாதீங்க."

பக்கத்துத் தோட்டத்துக்காரரைக் கூட்டிக்கொண்டு மாமா கல்லுப்பு வாங்கக் கிளம்பினார். அக்கா பின்னாலேயே வாசல் வரை போய், "ரெண்டு கிலோ போதும்" என்று கத்தினாள்.